வலிக்காத அக்காவின் பங்கு

அரசு மருத்துவமனையின் ரத்தப் பரிசோதனைப் பிரிவில் மூன்று கவுன்டர்கள் உண்டு. இரண்டாவது கவுன்டரில் இருப்பவளுக்கு ஐம்பத்திரண்டு வயது. சம்பளப் பட்டியல் எழுதுகிறவரைத் தவிர வேறு யாரும் அவளுடைய சொந்தப் பெயரைச் சொல்லிப் பல வருஷமாகிறது. எல்லோருக்கும் அவள் வலிக்காத அக்கா. எப்போதோ ஒரு குழந்தை, ரத்தம் எடுத்துப் பஞ்சும் வைத்த பிறகு, "எப்போ குத்துவீங்க?" என்று கேட்டதாம். அன்று ஒட்டிக்கொண்ட பெயர்.

அவளிடம் ஒரு தந்திரம் இருந்தது. கையில் ரப்பர் பட்டையைக் கட்டி, முழங்கை மடிப்பில் இரண்டு விரலால் தட்டிக்கொண்டே, "காலையில என்ன சாப்பிட்டீங்க?" என்று கேட்பாள். வெறும் வயிற்றோடு வரச் சொல்லிவிட்டு இதென்ன கேள்வி என்று வந்தவர் திகைத்து, "ஒண்ணும் சாப்பிடலையே" என்று சொல்லி முடிப்பதற்குள் குப்பி நிறைந்திருக்கும்.

ஊராருக்கெல்லாம் வலிக்காமல் குத்தத் தெரிந்தவளுக்கு, உள்ளே ஒன்று நாற்பத்தைந்து வருஷமாகக் குத்திக்கொண்டிருந்தது. அவளைவிட நாலு வயது இளைய தங்கைதான் அது.

பொறாமை என்று சொன்னால் சம்மதிக்க மாட்டாள். நியாயம் என்பாள். சின்ன வயதில் இருவருக்கும் காய்ச்சல் வந்து ஊசி போடப் போனபோது, தங்கை கையை அப்பா இறுக்கிப் பிடித்துக்கொண்டார். இவள் முறை வந்ததும், "நீ போய்ட்டு வாம்மா, உனக்கென்ன பயம்" என்று வாசலிலேயே நின்றுவிட்டார். பயப்படாதவளுடைய கையை யாரும் பிடிப்பதில்லை என்று ஏழு வயதில் அவள் தெரிந்துகொண்டாள். அப்பா ரொட்டித் தொழிற்சாலைக்கு வேன் ஓட்டியவர். தங்கைக்குப் பதினெட்டு வயதானதும் அந்த வேனில் உட்கார வைத்து ஓட்டக் கற்றுக்கொடுத்தார். எனக்கு என்று இவள் கேட்டதற்கு, "உனக்கு எதுக்கு, பஸ்ஸு வாசல்லயே நிக்குதே" என்றார். அந்தத் தங்கை இப்போது டிரைவிங் ஸ்கூல் நடத்துகிறாள். கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை. ஏன் என்று கேட்கிற தைரியம் யாருக்கும் வந்ததில்லை. தெருவில் நடந்தால் நாலு பேர் வண்டியை நிறுத்தி வணக்கம் வைப்பார்கள். அக்காவைத் தெருவில் பார்ப்பவர்கள் தங்களையறியாமல் சட்டைக் கையை இழுத்து விட்டுக்கொள்வார்கள்.

அப்பா கட்டிய வீடு இருவருக்கும் பொதுவாக இருந்தது. கீழ்வீட்டில் அக்காவும், தபால்காரராக இருந்து ஓய்வுபெற்ற அவள் கணவரும். மாடியில் தங்கை. மாடிக்கு வெளிப்பக்கமாகப் படி. முன்னால் அப்பாவின் வேன் நின்ற தகர ஷெட். பக்கவாட்டில் ஒரு துண்டு காலி மனை. அப்பா கடைசி நாலு வருஷம் கீழ்வீட்டில்தான் படுத்திருந்தார். குளிப்பாட்டியது, வேளைக்கு ஊசி போட்டது எல்லாம் அக்கா. மாலையில் தங்கை மாடியிலிருந்து இறங்கி வந்து பத்து நிமிஷம் உட்காருவாள். அந்தப் பத்து நிமிஷத்துக்காக அப்பா மதியத்திலிருந்தே தலை வாரிக்கொண்டு காத்திருப்பார். சீப்பை எடுத்துக் கொடுத்ததும் அக்காதான்.

உயில் எதுவும் எழுதாமல் அவர் போய்ச் சேர்ந்தார். மறு மாதம் ஷெட்டின் நெற்றியில் தங்கை தன் டிரைவிங் ஸ்கூல் போர்டை மாட்டினாள். மஞ்சள் எழுத்து, கீழே இரவிலும் தெரிகிற மாதிரி விளக்கு. அக்காவிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. அன்றோடு பேச்சு நின்றது. அடுத்த வாரம் அக்கா ஒரு வக்கீலைப் பார்த்தாள்.

பாகப்பிரிவினை வழக்கு மூன்று வருஷம் நடந்தது. நடந்தது என்று சொல்வதைவிடத் தேதி மாறியது என்று சொல்லலாம். ஒரே வீட்டிலிருந்து ஒரே கோர்ட்டுக்கு ஒருத்தி பஸ்ஸிலும் ஒருத்தி காரிலும் போய், ஒரே வராந்தாவில் ஆளுக்கொரு தூணில் சாய்ந்து நின்று திரும்பி வந்தார்கள். கடைசியில் நீதிபதி வழக்குக் கட்டை மூடி வைத்துவிட்டு, "ரெண்டு பேரும் சமரச மையத்துக்குப் போங்க" என்றார்.

சமரச மையம் கோர்ட்டின் பின்கட்டில் ஒரு அறை. யாரும் தலைமை இடத்தில் உட்கார முடியாதபடி வட்ட மேஜை. ஏசியிலிருந்து சொட்டுகிற தண்ணீருக்குக் கீழே ஒரு வாளி. சமரசராக வந்தவளுக்கு முப்பத்தைந்து வயது இருக்கும், கடுமையான ஜலதோஷம்.

"நான் தீர்ப்பு சொல்றவ இல்ல" என்றாள் மூக்கைத் துடைத்துக்கொண்டே. "இங்க பேசறது இந்த ரூமைத் தாண்டாது. ஜட்ஜுக்கும் போகாது. மனசுல இருக்கறதைச் சொல்லுங்க. யாருக்கு என்ன வேணும்?"

அக்கா எழுதியே கொண்டுவந்திருந்தாள். "ஷெட் எனக்கு வேணும்."

"எடுத்துக்கட்டும்" என்றாள் தங்கை.

அக்காவுக்குச் சுருக்கென்றது. மூன்று வருஷம் பிடித்துவைத்திருந்ததை மூன்று விநாடியில் விடுகிறாளே, அப்படியென்றால் காலி மனையில்தான் ஏதோ இருக்கிறது. "மனையும் வேணும்" என்றாள்.

"ரெண்டும்னா முடியாது."

நினைத்தது சரிதான் என்று அக்காவுக்குத் தெம்பு வந்தது. "அப்போ ஷெட் வேண்டாம். மனையைக் குடுக்கட்டும்."

தங்கை கொஞ்சம் யோசித்து, "சரி" என்றாள்.

மறுபடியும் சந்தேகம். இதையும் விடுகிறாளே. ஷெட்டைத் தக்கவைக்கத்தான் இந்த நாடகமா? "இல்ல, ஷெட்டே இருக்கட்டும்" என்று அக்கா சொன்னதும், அவள் வக்கீல் பேனாவை மூடிச் சட்டைப் பையில் குத்திக்கொண்டார்.

சமரசர் தங்கையையும் வக்கீல்களையும் வெளியே அனுப்பிவிட்டு அக்காவோடு தனியாக உட்கார்ந்தாள். "உங்ககிட்ட வண்டி இருக்கா?"

"இல்ல."

"கடை கிடை வைக்கப் போறீங்களா?"

"இல்ல."

"அப்புறம் ஷெட் எதுக்கு?"

"அது அவகிட்ட இருக்கக் கூடாது" என்றாள் அக்கா. சொன்ன பிறகுதான் அது காதில் விழுந்தது. மூன்று வருஷம் வக்கீல் எழுதிய பக்கங்களில் எங்கேயும் இல்லாத வாக்கியம்.

உபதேசம் வரும் என்று எதிர்பார்த்தாள். சமரசர் இரண்டு தும்மல் போட்டுவிட்டு, "ஒரு வழி இருக்கு" என்றாள். "சொத்து மொத்தத்தையும் நீங்களே ரெண்டு பங்காப் பிரிங்க. அவங்க முதல்ல ஒண்ணு எடுக்கட்டும். மிச்சம் உங்களுக்கு. குறைஞ்ச பங்கு உங்ககிட்டயே வரலாங்கறதால சரிசமமாத்தான் பிரிப்பீங்க."

"இங்கயும் அவளுக்குத்தான் முதல் கையா?"

"சரி, அவங்க பிரிக்கட்டும். நீங்க முதல்ல எடுங்க."

தங்கை பிரித்தால் எந்த மூலையில் என்ன ஒளித்து வைப்பாளோ. "வேண்டாம்" என்றாள் அக்கா. "நானே பிரிக்கிறேன்."

இருபது நாள் அவகாசம். அக்கா வேலைக்குப் போகிற நேரம் போக மீதி நேரமெல்லாம் வீட்டை அளந்தாள். தபால்காரக் கணவர் டேப்பின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"முப்பது வருஷம் ஊரான் வீட்டு வாசலா ஏறி இறங்கினேன்" என்றார். "சொந்த வீடு இத்தனை அடின்னு இன்னைக்குத்தான் தெரியுது."

"பேசாம பிடிங்க. அங்க தொங்குது பாருங்க."

அளவு வந்துவிட்டது; சமம்தான் வரவில்லை. கீழ்வீட்டோடு ஷெட், மாடியோடு மனை என்று ஒரு தாளில் எழுதிப் பார்த்தாள். ஷெட் வாசலில் தங்கை காலை ஆட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பது மாதிரி மனதில் ஓட்டியதும், கீழ்ப்பங்கு திடீரென்று அரண்மனையாகிவிட்டது. மாற்றி எழுதினாள். இப்போது மனதில் தங்கை மொட்டைமாடியில் காற்று வாங்கினாள். மாடிதான் ஒசத்தி என்று தோன்றியது. படிக்கட்டின் அடியிலிருக்கும் சாமான் அறையை அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் பதினோரு தடவை மாற்றினாள். தங்கை எந்தப் பங்கில் போய் நின்றாலும் அங்கே வெயில் அழகாக விழுந்தது. இவள் நிற்கிற பங்கில் சுவர் பொரிந்திருந்தது.

பன்னிரண்டாம் நாள் காலை, கவுன்டரில் கூட்டம் மொய்த்துக்கொண்டிருந்தபோது, ஒரு சீட்டு அவள் மேஜைக்கு வந்தது. நிமிர்ந்து பார்த்தாள். எதிர் நாற்காலியில் தங்கை.

முதல் கவுன்டரும் மூன்றாவதும் காலியாகிக் காலியாகிக் கூப்பிட்டுக்கொண்டிருந்தன. வரிசையில் இரண்டு பேரை முன்னால் போகவிட்டுத் தங்கை இங்கே வந்திருக்கிறாள். முகம் வெளுத்திருந்தது. நெடுஞ்சாலையில் லாரிகளுக்கு நடுவே காரைச் செருகுகிறவள், ஊசியைக் கண்டால் இன்னும் அந்த மூன்று வயதுக் குழந்தைதான்.

தங்கை கையை நீட்டினாள். அக்கா பட்டையைக் கட்டினாள். மூன்று வருஷத்துக்குப் பிறகு தொட்ட கை. அப்பாவின் கை மாதிரியே அகலமான மணிக்கட்டு. தனக்கு அந்த மணிக்கட்டு வாய்க்கவில்லை என்று அந்த நேரத்திலும் ஒரு எண்ணம் வந்தது. தங்கை கண்ணை மூடிக்கொண்டு, மற்ற கையால் அக்காவின் வெள்ளைக் கோட்டின் ஓரத்தைப் பற்றிக்கொண்டாள்.

"காலையில என்ன சாப்பிட்ட?" என்று அக்கா கேட்டாள். வழக்கம்.

"ஒண்ணும் சாப்பிடல" என்றாள் தங்கை, கண்ணைத் திறக்காமலே. குப்பி நிறைந்திருந்தது.

அவள் விந்தி விந்திப் போவதைப் பார்த்த பிறகுதான் அக்கா சீட்டைப் படித்தாள். எலும்புப் பிரிவு. இடது முழங்கால் மாற்று அறுவை சிகிச்சை. அடுத்த மாதம் தேதி குறித்திருந்தது. கோட்டின் ஓரம் கசங்கியிருந்தது. அதைத் தடவித் தடவி விட்டாள்.

அந்த நல்ல மனசு பஸ் ஏறுகிற வரைதான் இருந்தது. ஜன்னலோரம் இடம் கிடைத்து உட்கார்ந்ததும் கணக்கு தானாக விழுந்தது. முட்டி ஆபரேஷன் ஆனவள் மாடி ஏற முடியாது. பங்கை எப்படிப் பிரித்தாலும் அவள் கீழ்வீட்டைத்தான் எடுத்தாக வேண்டும். எடுத்தாக வேண்டும் என்றால், நல்லதையெல்லாம் மாடியோடு சேர்த்துவிட்டால் என்ன?

வீட்டுக்கு வந்து ஒரே மூச்சில் எழுதி முடித்தாள். முதல் பங்கு: கீழ்வீடு. இரண்டாம் பங்கு: மாடி, மொட்டைமாடி, ஷெட், காலி மனை, சாமான் அறை.

தபால்காரர் தாளை வாங்கி ஏற இறங்கப் பார்த்தார். "இது சமமா?"

"அவதானே முதல்ல எடுக்கப் போறா. பிடிச்சதை எடுத்துக்கட்டும்."

"நான் அவளா இருந்தா கண்ணை மூடிட்டு ரெண்டாவதை எடுப்பேன்."

"அவ எடுக்க மாட்டா."

"உனக்கெப்படித் தெரியும்?"

சமையலறையில் ஏதோ வேலை இருப்பது மாதிரி அக்கா எழுந்து போனாள்.

இரண்டாவது அமர்வன்றும் அதே அறை, அதே வாளி. சமரசருக்கு ஜலதோஷம் நெஞ்சுக்கு இறங்கியிருந்தது. தாளை மேஜை நடுவில் வைத்துவிட்டு அக்காவிடம், "இதுல எந்தப் பங்கு வந்தாலும் உங்களுக்குச் சம்மதமா?" என்று கேட்டாள்.

"சம்மதம்."

தங்கை தாளைத் தன் பக்கம் திருப்பினாள். ஒருமுறை படித்தாள். மறுபடியும் முதலிலிருந்து படித்தாள். மடங்கியிருந்த மூலையை விரலால் நீவிச் சரிசெய்தாள்.

"முட்டிக்காகத்தானே?" என்றாள். மூன்று வருஷத்தில் அக்காவைப் பார்த்துக் கேட்ட முதல் கேள்வி.

"எந்த முட்டி?" என்று சமரசர் கேட்டாள்.

"எனக்கு இடது முட்டியில ஆபரேஷன் மேடம், அடுத்த மாசம். ரொம்ப நாளைக்கு மாடி ஏறக் கூடாதுன்னுட்டாங்க. ஊர்ல யாருக்கும் சொல்லல. அக்கா ஒருத்திக்குத்தான் தெரியும்."

அக்காவின் வக்கீல் சுவரிலிருந்த காலண்டரைப் படிக்க ஆரம்பித்தார். கையும் களவுமாகப் பிடிபடுவது என்றால் என்ன என்று அக்காவுக்கு அப்போதுதான் தெரிந்தது. நோயாளியின் சீட்டில் பார்த்ததை வெளியே பயன்படுத்தினாள் என்று தங்கை ஒரு வரி எழுதிக் கொடுத்தால் போதும், வேலை போய்விடும். அந்தப் பயம்கூட இரண்டாவதாகத்தான் வந்தது. முதலில் வந்தது நாக்கைப் பிடுங்கிக்கொண்டு சாகலாம் போன்ற வெட்கம்.

"அந்தச் சீட்டை நீ திருடிப் பாக்கலக்கா" என்றாள் தங்கை. குரல் உயரவில்லை. "நான்தான் உன் கையில குடுத்தேன். மத்த ரெண்டு கவுன்டரும் காலி. உன்கிட்டதான் வரணும்னு நின்னேன். எனக்கு இப்படின்னு உன்கிட்ட சொல்ல வாய் வரல. சீட்டாவது சொல்லட்டும்னு வந்தேன். நீ அதை வெச்சு இதைப் போட்டிருக்க."

"ஆமா, தெரிஞ்சுதான் போட்டேன்" என்றாள் அக்கா. ஆரம்பித்துவிட்டதால் நிறுத்த முடியவில்லை. "உனக்கு எல்லாமே தானா வந்து விழும். வேன் ஓட்டக் கத்துக்குடுத்தாரு. நாலு வருஷம் நான் பாத்தேன், நீ பத்து நிமிஷம் வருவ, அந்தப் பத்து நிமிஷத்துக்குத் தலை வாரிக்குவாரு. ஊசி போடப் போனா உன் கையைப் பிடிச்சுக்கிட்டாரு. நான் தனியாப் போனேன். எனக்கும் வலிச்சுதுடி. நான் சொல்லல, அவ்வளவுதான்."

ஐம்பத்திரண்டு வயதுக்காரி, இரண்டு வக்கீல்கள் எதிரில், ஏழு வயதுக் கணக்கை எடுத்துப் போட்டுவிட்டாள். மேஜையைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தாள்.

தங்கை நாற்காலியை அக்கா பக்கம் திருப்பிக்கொண்டாள். பிறகு, "கையைப் பிடிச்சது பாசத்துல இல்லக்கா" என்றாள். "அதுக்கு முந்தின தடவை நான் டாக்டர் கையைக் கடிச்சுட்டேன். அம்மா சொல்லியிருக்காங்க. மறுபடி கடிச்சு மானத்தை வாங்கிடுவேன்னுதான் அமுக்கிப் பிடிச்சாரு. ரெண்டு நாள் என் கை கன்னிப்போயிருந்துதாம்."

சமரசருக்கு இருமலா சிரிப்பா என்று தெரியாத ஒன்று வந்தது.

அக்காவுக்குச் சிரிப்பு வரவில்லை. எதற்காக என்றாலும் பிடித்தார் அல்லவா என்றுதான் தோன்றியது. ஆனாலும், கடிபட்ட டாக்டரை நினைத்தபோது நெஞ்சில் இறுகியிருந்தது ஒரு சுற்றுத் தளர்ந்தது.

"போர்டு மாட்டறப்போ ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம் இல்ல?"

"கேட்டிருக்கணும்" என்றாள் தங்கை. "நீ வேண்டாம்னு சொல்லுவியோன்னு கேக்கல."

"சொல்லியிருப்பேன்."

"அதான்."

அக்கா தாளைத் தன் பக்கம் இழுத்துக் குப்புறப் போட்டாள். "ஒரு ஸ்கேல் குடுங்க மேடம்" என்றாள். பரிசோதனைக் கூடத்தில் குப்பிகளின் மேல் எண் மட்டும்தான் இருக்கும். யாருடைய ரத்தம் என்று பார்த்து யாரும் சோதிப்பதில்லை. அது மாதிரி, முன்பின் தெரியாத இரண்டு பேர் இந்த வீட்டுக்குக் குடிவரப் போகிறார்கள், ஒருத்திக்கு முட்டி சரியில்லை என்று வைத்துக்கொண்டு பார்த்தாள். இருபது நாள் வராதது கால் மணி நேரத்தில் வந்தது. ஒரு பங்கில் கீழ்வீடும் ஷெட்டும். மற்றதில் மாடி, மொட்டைமாடி, காலி மனை, சாமான் அறை. பின்பக்கக் குழாய் இருவருக்கும் பொது.

"எடு" என்றாள்.

தங்கை முதல் பங்கில் விரலை வைத்தாள். அக்காவுக்கு அந்த விநாடியிலேயே, அப்பா படுத்திருந்த அறை போகிறதே என்று வயிறு எரிந்தது. ஸ்கேலைச் சமரசரிடம் திருப்பிக் கொடுத்தாள். சமரசர் ஒப்பந்தத்தைத் தட்டச்சு செய்து வர, நாலு பக்கத்திலும் இருவரும் கையெழுத்துப் போட்டார்கள். அது கோர்ட்டுக்குப் போய்த் தீர்ப்பாகத் திரும்பி வந்தது. கையெழுத்துப் போட்ட அன்று வெளியே வராந்தாவில் தங்கை, "வேலைக்குப் பயப்படாத. நான் யாருகிட்டயும் எதுவும் சொல்ல மாட்டேன்" என்றாள். அதற்கு நன்றி சொல்ல அக்காவுக்கு வாய் வரவில்லை. தங்கையின் பையை வாங்கிக்கொண்டு கார் வரை நடந்தாள்.

ஆபரேஷனுக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை வீடு மாற்றினார்கள். கீழ்ச்சாமான் மேலே ஏற, மேல்சாமான் கீழே இறங்க, ஒரே படியில் பீரோவும் கட்டிலும் எதிரும் புதிருமாக நின்றன. எது முதலில் போவது என்று அக்காவும் தங்கையும் போட்ட சண்டை தெருமுனை வரை கேட்டது. மூன்று வருஷ மௌனத்துக்குப் பிறகு அந்தச் சத்தம் தபால்காரருக்கு நிம்மதியாக இருந்தது.

மாடி ஜன்னலிலிருந்து தெரு முழுக்கத் தெரிந்தது. காற்றும் நன்றாக வந்தது. அக்கா இரண்டு நாள் அதில் மகிழ்ந்திருந்தாள். மூன்றாம் நாள், "இவ்வளவு நல்ல ஜன்னலை எப்படி மனசு வந்து விட்டா?" என்று கேட்டாள்.

"முட்டி" என்றார் தபால்காரர்.

"முட்டி மட்டும்தானா?"

ஆஸ்பத்திரியிலிருந்து தங்கை திரும்பி வந்ததும் வண்டி பழகியவர்கள் சாரிசாரியாகப் பார்க்க வந்தார்கள். ஷெட் வாசலில் காலை நீட்டிப் போட்டுக்கொண்டு அவள் உட்கார்ந்திருக்க, ஆளுக்கொரு பழப் பையோடு வந்து "மேடம், மேடம்" என்று நின்றார்கள். அக்கா ஜன்னலிலிருந்து பார்த்தாள். தனக்கு டைபாய்டு வந்து மூன்று வாரம் கிடந்தபோது இரண்டே பேர் வந்தார்கள். அதில் ஒருத்தர் மீட்டர் பார்க்க வந்தவர். நெஞ்சில் பழைய இடத்தில் பழைய குத்தல்.

படி இறங்கிப் போனாள். வந்தவர்கள் போகட்டும் என்று காத்திருந்து, தங்கை எதிரில் நின்றாள்.

"இவ்வளவு ஆப்பிள் உனக்கெதுக்கு? எனக்கும் குடு."

தங்கை நிமிர்ந்து பார்த்தாள். அக்கா இதுவரை எதையும் அவளிடம் வாய்விட்டுக் கேட்டதில்லை. பையை நகர்த்தி வைத்தாள். "ரெண்டா எடுத்துக்கோ."

அக்கா குனிந்து, பையைக் கிளறி, இருப்பதிலேயே பெரியதாகப் பார்த்து இரண்டை எடுத்துக்கொண்டாள்.